என் தங்கையின் நெஞ்சைக் காட்டிய படம்

எழுபதுகளின் தொடக்கத்தில் என் தங்கைக்கு ஒரு இருமல் வந்தது. அவள் புகுந்த வீட்டில் அதை நோய் என்று ஒப்புக்கொள்ள ஒருவரும் தயாராக இல்லை. சிட்லபாக்கத்தில் ஏரிக்குப் பக்கத்து வீடு. ஈரக்காற்று என்றார்கள், பிறகு தலைக்குக் குளிப்பது அதிகம் என்றார்கள், கடைசியில் வேலை செய்யச் சோம்பல் என்று முடித்தார்கள். சாயந்திரமானால் அவளுக்கு உடம்பு கதகதவென்று இருக்கும். ஜாக்கெட்டைப் பிடித்துத் தைத்துப் பிடித்துத் தைத்துப் போட்டுக்கொண்டிருந்தாள், அவ்வளவு இளைத்திருந்தாள்.

நான் தாம்பரத்தில் ஒரு பெண்கள் பள்ளியில் சயின்ஸ் டீச்சர். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. அதனால்தான் எல்லோரிடமும் சண்டை போட எனக்கு நேரம் கிடைக்கிறது என்று தங்கையின் வீட்டுக்காரர் கேலி செய்வார். இருக்கட்டும். அன்றைக்கு நான் சண்டை போட்டதால்தான் அவளை எக்ஸ்ரே எடுக்கவே அழைத்துப் போனார்கள். தாம்பரம் சானடோரியம் ஸ்டேஷனை ஒட்டியே காசநோய்க்கென்று பெரிய ஆஸ்பத்திரி இருந்தது. ஆனால் அந்த ஸ்டேஷனில் இறங்கினாலே ஊர் ஒரு மாதிரி பார்க்கும் என்று, குரோம்பேட்டையில் ஒரு தனியார் எக்ஸ்ரே கடைக்குப் போனோம். கடை என்றுதான் சொல்லுவேன். முன்னால் பெஞ்சு, பின்னால் இருட்டறை, மாடியில் ஒரு டாக்டர்.

மாமியாரும் கூடவே வந்தார். அவரைப் பற்றிச் சொல்லிவிட வேண்டும். நாங்களும் அவர்களும் பிராட்டஸ்டன்ட் கிறிஸ்தவர்கள். அவர் சபையின் பெண்கள் ஐக்கியத்தில் செயலாளர். பக்கத்து வீட்டு வாசலில் எலுமிச்சம்பழம் தொங்கினால், "பாவம், இருட்டுல இருக்காங்க" என்று உச்சுக் கொட்டுவார். பூனை குறுக்கே போனால் வேண்டுமென்றே நடந்து காட்டுவார். அப்படிப்பட்டவர், எக்ஸ்ரே எடுக்கிற ஆள் வெளியே வந்து, "யம்மா, கழுத்துல கீறதெல்லாம் கழட்டிட்டு வரணும்" என்றதும் பெஞ்சிலிருந்து எழுந்துவிட்டார்.

"தாலியக் கழட்டறதா? புருஷன் உயிரோட இருக்கும்போதா?"

"போட்டோல விழும்மா."

"விழுந்தா விழட்டும். கழட்ட மாட்டா."

தாலியைக் கழற்றினால் புருஷனுக்கு ஆகாது என்று வேதாகமத்தில் எந்த அதிகாரத்தில் இருக்கிறது என்று நான் கேட்டேன். என் தங்கை என் புடவையைப் பிடித்து இழுத்தாள். அவள் முகத்தைப் பார்த்து வாயை மூடிக்கொண்டேன். சண்டை போட்டுவிட்டு நான் ரயிலேறிப் போய்விடுவேன், அந்த வீட்டுக்குத் திரும்பிப் போக வேண்டியவள் அவள்.

தாலியோடேயே உள்ளே போனாள். சிலுவை பொறித்த தாலி, கனமான சங்கிலி. அந்தச் சங்கிலியில் எல்லாப் பெண்களையும் போல அவளும் நாலைந்து ஊக்கு கோத்து வைத்திருந்தாள். கூடவே, எங்கள் வீட்டிலிருந்து கொண்டுபோன டிரங்குப் பெட்டியின் சாவியும் தொங்கும். அந்த வீட்டில் அவளுடையது என்று சொல்ல இருந்த ஒரே சாவி அது. அதன் வளையம் உடைந்துபோய், எங்கள் அப்பா கம்பியை வளைத்து முக்கோணமாக ஒன்று செய்து போட்டிருந்தார்.

ஒரு படம் எடுத்துக் கழுவிப் பார்த்த அந்த ஆள் தலையைச் சொறிந்துகொண்டு வந்தார். "நெஞ்சுக்கு நடுவுல தாலி வந்துகினு கீது. டாக்டர் என்னிய திட்டுவாரு. கழட்டலன்னா பரவால்ல, தூக்கி தோள் மேல போட்டுக்கோ, முதுகுப் பக்கம் தொங்கட்டும்." அப்படியே செய்து இன்னொன்று எடுத்தார்கள். முதலில் எடுத்தது வேஸ்ட் என்று மூலையில் கிடந்த கட்டோடு போயிற்று.

மாடி டாக்டர் இரண்டாவது படத்தை வெளிச்சத்தில் பிடித்தார். இடது பக்கம் மேலே, தோளெலும்புக்குக் கீழே, ஊக்கும் சாவியும் தாலியும் ஒரு கொத்தாக வெள்ளையாய் விழுந்திருந்தன. "இது நகை," என்று சொல்லிச் சிரித்தார். "மத்தபடி லங்ஸ் க்ளியர். நரம்புத் தளர்ச்சிதான். டானிக் எழுதறேன்." நகைக்குப் பின்னால் என்ன இருக்கிறது என்று பார்க்க அவருக்குத் தோன்றவில்லை. தாலியை எப்படிக் கழற்றச் சொல்வது என்று படித்த டாக்டருக்கே கூச்சம்.

அன்றிலிருந்து அந்தப் படம் என் தங்கைக்கு எதிரான சாட்சியாகிவிட்டது. மாமியார் அதைப் பழுப்புக் கவரோடு காலண்டருக்குப் பின்னால் செருகி வைத்திருந்தார். அவள் இருமினால், "எக்ஸ்ரேலயே ஒண்ணுமில்லன்னு வந்துடுச்சே," என்பார். விருந்தாளிகளுக்குக்கூட எடுத்துக் காட்டுவார். தங்கையின் வீட்டுக்காரர் பீச் ஸ்டேஷன் பக்கம் ஒரு கம்பெனியில் கிளார்க். காலை ரயிலுக்குப் போனால் இருட்டித்தான் வருவார். "அம்மா சொன்னா சரியாத்தான் இருக்கும்" என்பதைத் தவிர அவர் வாயிலிருந்து ஒரு வார்த்தை வந்து நான் கேட்டதில்லை. நல்ல மனுஷர்தான். நல்ல மனுஷர்களால் என் தங்கைக்கு ஒரு பிரயோஜனமும் இல்லை.

சில மாதம் போயிற்று. எங்கள் பள்ளி இங்கிலீஷ் டீச்சர் ஒரு ஃபிலிம் சொசைட்டியில் உறுப்பினர். "மனுஷ உடம்புக்குள்ள என்ன இருக்குன்னு புது மாதிரியா படம் எடுத்திருக்காங்களாம் மிஸ், நீங்க பாடம் நடத்தறதுக்கு உதவும், வாங்க" என்று கூப்பிட்டாள். கிழக்குத் தாம்பரத்தில் ஒரு சின்ன ஹால். மடக்கு நாற்காலி, சுவரில் வெள்ளைத் துணி, நடுவில் கடகடவென்று ஓடும் ப்ரொஜெக்டர். கல்லூரி லெக்சரர்கள், அவர்கள் மனைவிமார், கொஞ்சம் மாணவர்கள். படம் எடுத்தவரும் ஒரு லெக்சரர்தான். ஜோல்னாப் பை, தாடி. பழைய எக்ஸ்ரே பிளேட்டுகளில் வெள்ளி இருக்கிறது என்று அந்தக் காலத்தில் வியாபாரிகள் எடைக்கு வாங்கிப் போவார்கள். அப்படி ஒரு வியாபாரியிடம் கட்டுக்கட்டாக வாங்கி, பின்னால் விளக்கு வைத்து, இரவல் கேமராவில் ஒவ்வொன்றாக எடுத்துச் சேர்த்ததாகச் சொன்னார்.

பொய் சொல்லக் கூடாது, முதல் பாதி எனக்குப் பிடித்தது. குழந்தையின் கை எலும்பு சிறுவன் கையாகி, ஆள் கையாகி, முடிச்சு விழுந்த கிழவர் கையாக மாறியது. யாரோ தண்ணீர் குடிக்கும் சத்தத்தைத் தொண்டைக்குள்ளிருந்து கேட்பது போலப் பதிவு செய்திருந்தார். வயிற்றின் கடமுடா சத்தத்துக்கு ஒரு குடும்பத்தின் தாடையெலும்புகள் வரிசையாக வந்தன, எல்லோரும் சிரித்தார்கள். எத்தனை வருஷம் போர்டில் சாக்பீஸால் நுரையீரல் வரைந்திருக்கிறேன், இதைப் பிள்ளைகளுக்குக் காட்டினால் எப்படி இருக்கும் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

அப்போது ஒரு நெஞ்சு வந்தது. சத்தமெல்லாம் அடங்கி இதயத் துடிப்பு மட்டும் கேட்டது. கேமரா தோளெலும்புக்குக் கீழேயிருந்து ஆரம்பித்து மெல்ல இறங்கி, நடுவில், இதயத்துக்கு மேலே தொங்கிய ஒரு தாலியில் வந்து நின்றது. ஒவ்வொரு துடிப்புக்கும் தாலி நடுங்கியது, பிளேட்டை அவர் அசைத்து எடுத்திருக்க வேண்டும். தாலிக்குப் பக்கத்தில் ஊக்கு. ஊக்குக்குப் பக்கத்தில் ஒரு சாவி. சாவியின் வளையம் முக்கோணம்.

தனக்கு ஜுரம் என்று சொல்வதற்கே கூச்சப்படுகிறவளின் நெஞ்சை, விலா விலாவாக, முன்பின் தெரியாதவர்கள் மடக்கு நாற்காலியில் உட்கார்ந்து கடலை கொறித்துக்கொண்டு பார்க்கிறார்கள். விளக்கைப் போட்டதும் கைதட்டல். ஒருவர் எழுந்து, "இந்தியப் பெண்ணின் இதயம் தாலிக்குக் கீழேதான் துடிக்கிறது என்பதை இதைவிட யாரும் சொல்ல முடியாது" என்றார். இன்னொருவர், இல்லை, அது தாலியல்ல, விலங்கு என்றார். ஊக்கு எதைக் குறிக்கிறது என்று ஒரு பையன் கேட்டான். ஊக்கு ஜாக்கெட்டைக் குறிக்கிறது, இளைத்துப்போனவளின் ஜாக்கெட்டைக் குறிக்கிறது என்று கத்த வேண்டும்போல இருந்தது.

எல்லோரும் போகிறவரை காத்திருந்து அவரிடம் போனேன்.

"சார், கடைசியில வந்த பிளேட் என் தங்கச்சியோடது. அத எனக்குக் குடுத்துடுங்க."

"மேடம், எலும்புக்குள்ள போயிட்டா எல்லாரும் ஒண்ணுதான். அதுதான் என் படமே."

"எல்லாரும் ஒண்ணுன்னா உங்க வீட்டம்மாவோட நெஞ்சப் போட்டிருக்கலாமே."

பக்கத்தில் நின்ற அவருடைய மனைவி சட்டென்று தலையைக் குனிந்து முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். சிரித்தாளா என்று தெரியாது. அவருக்கு முகம் சிவந்துவிட்டது. அது வேஸ்ட்டில் வந்த பொருள், விலைக்கு வாங்கியது, சட்டப்படி தன்னுடையது என்றார். இன்னொரு காப்பி எடுக்க வேண்டியிருக்கிறது என்றார். நான் அடுத்த ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்த கையோடு அவர் வீட்டு வாசலில் போய் நின்றேன். கொடுக்கிறவரைக்கும் நகரப் போவதில்லை என்று, தெருவில் போகிற எல்லோருக்கும் கேட்கிற மாதிரி சொன்னேன். டீச்சர் குரல் தெருக்கோடி வரைக்கும் போகும். பிளேட் வந்துவிட்டது.

வீட்டுக்கு வந்ததும் அதைக் கிழிக்கத்தான் பார்த்தேன். எக்ஸ்ரே பிளேட்டைக் கிழித்துப் பார்த்தவர்களுக்குத் தெரியும், அது லேசில் கிழியாது. வளைத்தேன், பல்லால்கூட இழுத்தேன். கத்தரிக்கோலை எடுத்துக்கொண்டு ஜன்னலுக்குப் போனபோது வெயில் பிளேட்டுக்குப் பின்னால் விழுந்தது. ஒரு நுரையீரல் மேலே வரைக்கும் கறுப்பாக, சுத்தமாக இருந்தது. இன்னொன்றின் உச்சியில் மட்டும், கண்ணாடியில் மூச்சு விட்டால் படியுமே, அந்த மாதிரி ஒரு வெள்ளை மூட்டம். நான் டாக்டர் இல்லை. ஆனால் இரண்டு பக்கமும் ஒன்றுபோல இல்லை என்று சொல்ல டாக்டர் வேண்டியதில்லை.

கத்தரிக்கோலைப் போட்டுவிட்டு சிட்லபாக்கத்துக்கு ஓடினேன். என் தங்கைக்கு அந்த நேரத்திலும் ஜுரம், ஆனாலும் அம்மியில் மசாலா அரைத்துக்கொண்டிருந்தாள். ஞாயிற்றுக்கிழமை அல்லவா, கறிக்குழம்பு. நான் யாரிடமும் ஒன்றும் சொல்லாமல் காலண்டருக்குப் பின்னாலிருந்த கவரை எடுத்து, அந்தப் படத்தை ஜன்னல் கம்பியில் செருகி, என் கையிலிருந்ததை அதன் பக்கத்தில் செருகினேன். பிறகு ஒன்றின் மேல் ஒன்றை வைத்தேன். விலா மேல் விலா சரியாக உட்கார்ந்தது. தோள் மேல் தூக்கிப் போட்ட தாலிக் கொத்து அந்த மூட்டத்தின் மேல், விரலால் பார்த்து வைத்ததுபோல, பொருந்தி நின்றது. முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பது என்பார்கள், இங்கே தாலியில் மறைத்திருந்தார்கள்.

மாமியார் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்த்தார். "இது இவளோடதுதான்னு என்ன நிச்சயம்?"

"அந்தச் சாவியப் பாருங்க அத்தை."

பார்த்தார். அதற்குப் பிறகு அவர் சொன்னதை நான் சாகிறவரைக்கும் மறக்க மாட்டேன். என் தங்கையைத் திரும்பிப் பார்த்து, "ஏம்மா, அன்னைக்கே கழட்டியிருந்தா இவ்ளோ தூரம் வந்திருக்குமா?" என்றார். என்னைப் பார்த்து அல்ல, அவளைப் பார்த்து! அவள் கையில் மசாலா ஒட்டியிருந்தது. கழுவக்கூட இல்லாமல் நின்றபடியே இருமினாள். அந்த அறையில் யாருக்காவது அன்றைக்கு அடி விழாமல் போனதென்றால் அது கர்த்தருடைய கிருபைதான், என் பொறுமை அல்ல.

மறுநாள் ஊர் எப்படிப் பார்த்தாலும் சரி என்று சானடோரியம் ஸ்டேஷனிலேயே அவளை இறக்கினேன். அங்கே ஒரு பெண் டாக்டர். "எல்லாத்தையும் கழட்டும்மா," என்று ஒரே வார்த்தை. அவள் ஒரு பேச்சுப் பேசாமல் கழற்றி என் கைக்குட்டையில் வைத்தாள். வீட்டுக்காரருக்கு ஒன்றும் ஆகவில்லை, அந்நேரம் ஆபீசில் காபி குடித்துக்கொண்டிருந்திருப்பார். புதுப் படத்தில் மூட்டம் இருந்த இடத்தில் ஒரு பொத்தல் இருந்தது. டாக்டரம்மா பழைய பிளேட்டையும் வாங்கிப் பார்த்தார்.

"இது எப்ப எடுத்தது?"

சொன்னேன்.

"அப்பவே வந்திருந்தா மருந்துலயே போயிருக்கும். இவ்ளோ மாசம் இந்தப் படத்த யாரு வெச்சிருந்தா?"

ஒரு சினிமாக்காரர் வைத்திருந்தார் என்று சொல்ல எனக்கு வெட்கமாக இருந்தது.

ஊசியும் மாத்திரையுமாக நெடுநாள் ஓடியது. அது போதாமல் கடைசியில் அறுத்து, அந்த நுரையீரலின் மேல்பகுதியை எடுத்துவிட்டார்கள். பிழைத்துக்கொண்டாள். எல்லோரும் கர்த்தரைத் துதித்தார்கள், சபையில் மாமியார் எழுந்து சாட்சி சொன்னார். ஸ்டேஷன் மேம்பாலம் ஏறும்போது என் தங்கை பாதியில் நின்று கம்பியைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்குவாள். அப்போது அவளுக்கு முப்பதுகூட ஆகவில்லை.

கதை அந்தப் படமெடுத்தவர் காதுக்கும் எப்படியோ எட்டிவிட்டது. இங்கிலீஷ் டீச்சராகத்தான் இருக்க வேண்டும். மனுஷர் மன்னிப்புக் கேட்டு வருவார் என்று நினைத்தேன். அழைப்போடு வந்தார். அதே ஹாலில் படத்தை மறுபடியும் போடுகிறார்களாம், பெரிய பெரிய ஆட்களெல்லாம் வருகிறார்களாம், நாங்கள் இரண்டு பேரும் முன் வரிசையில் உட்கார வேண்டுமாம். நான் கதவைச் சாத்தப் போனேன். என் தங்கைதான், "போலாம்க்கா. எனக்குள்ள என்ன இருந்துச்சுன்னு ஊரே பாத்திருக்கு, நான் பாக்க வேண்டாமா?" என்றாள்.

போனோம். படத்துக்கு முன்னால் அவர் பேசினார். "என் படம் ஒரு உயிரைக் காப்பாற்றியிருக்கிறது" என்று ஆரம்பித்தார். கலையும் மருத்துவமும் கைகோத்தது பற்றிச் சொன்னார். என் தங்கையைக் கை காட்டினார், எல்லோரும் திரும்பிப் பார்த்துத் தட்டினார்கள். அதோடு நிறுத்தியிருக்கலாம். கைதட்டல் அவரை மேலே பேச வைத்தது.

"அந்த பிளேட்டை நான் ஏன் தேர்ந்தெடுத்தேன் தெரியுமா? தாலிக்காக மட்டுமில்லை. மேலே ஒரு மேகம் மாதிரி இருந்தது. அதன் அழகைப் பார்த்துப் பிரமித்துப்போனேன். டாக்டர் நண்பர் ஒருவரிடம் காட்டினேன். டி.பி.யாக இருக்கலாம் என்றார். அதனால்தான் ஷாட்டை அந்த மேகத்திலிருந்து தொடங்கினேன். மரணத்திலிருந்து இதயத்துக்கு."

பூனைக்கு விளையாட்டு, எலிக்குச் சீவன் போகிறது என்று சொல்வார்கள். பூனைக்காவது அது எலி என்று தெரியும். தெரிந்திருக்கிறது! அவள் மாதக்கணக்கில் ஜுரத்தோடு அம்மி அரைத்துக்கொண்டிருந்தபோது இந்த மனுஷருக்குத் தெரிந்திருக்கிறது. நான் எழுவதற்குள் பக்கத்தில் நாற்காலி நகரும் சத்தம் கேட்டது. சபையில்கூட வாய் திறந்து ஜெபம் பண்ணாத என் தங்கை எழுந்து நின்றாள்.

"சார், எக்ஸ்ரே எடுத்தவரு பிளேட்டு மூலையில என் பேரும் வீட்டு விலாசமும் எழுதினாரு. நான்தான் நின்னு சொன்னேன். அது இல்லையா அதுல?"

"இருந்தது சிஸ்டர். ஃப்ரேம்ல இடிச்சுது. வெட்டி எடுத்துட்டேன்." கத்தரிக்கிற மாதிரி இரண்டு விரலையும் வேறு ஆட்டிக் காட்டினார்.

"வெட்டறதுக்கு முன்னாடி படிச்சீங்களா?"

அவர் ப்ரொஜெக்டரில் இருந்தவரைப் பார்த்து ஆரம்பிக்கச் சொல்லிக் கையைக் காட்டினார். விளக்கு அணைந்தது, துணியில் வெளிச்சம் விழுந்தது. என் தங்கை உட்காரவில்லை. மெல்ல நடந்து போய், மூச்சு வாங்க ஒரு முறை நின்று, அந்த வெளிச்சத்துக்கு முன்னால் வந்து எங்களைப் பார்த்துத் திரும்பினாள். அவள் முகத்தின் மேலேயும் கழுத்தின் மேலேயும் யாருடையதோ கை எலும்பு ஓடிக்கொண்டிருந்தது. அவள் தன் பெயரைச் சொன்னாள். அப்பா பெயர், வீட்டுக்காரர் பெயர், கதவு எண், தெரு, சிட்லபாக்கம் என்று முழுக்கச் சொன்னாள். நடுவில் இருமல் வந்தது, நிறுத்தி இருமிவிட்டு மறுபடியும் முதலிலிருந்து சொன்னாள்.

பின்வரிசையில் யாரோ கை தட்டினார். அதைப் பார்த்து எல்லோரும் தட்டினார்கள். அதுவும் படத்தில் சேர்த்தி என்று நினைத்துக்கொண்டார்கள்.